12 நிமிடம் இட்லி வேகுவதை யார் பார்ப்பார்கள்?

மே 31 (வாசகர் ஒருவர் கேட்டது)

"தினசரி வாழ்க்கையைப் பற்றிக் குறும் ஆவணப்படம் என்று இப்போது ஆளாளுக்கு எடுக்கிறார்கள். பேட்டி கிடையாது, பின்னணிக் குரல் கிடையாது, கதையும் கிடையாது, கேட்டால் பரிசோதனை என்கிறார்கள். கையில் போன் இருக்கிறவர்கள் எல்லாம் ரீல்ஸில் இதைத்தானே போடுகிறார்கள்? நீங்களும் தாராவியில் ஒரு இட்லி வீட்டைப் படமெடுப்பதாக எழுதியிருந்தீர்கள். 12 நிமிடம் இட்லி வேகுவதை யார் உட்கார்ந்து பார்ப்பார்கள்?"

ஜூன் 1

பார்ப்பார்கள். எல்லோரும் இல்லை, ஆனால் பார்ப்பார்கள்.

நாம் இருக்கும் ஊரிலிருந்தே ஆரம்பிக்கிறேன். 1896 ஜூலை 7 அன்று இதே மும்பையில், காலா கோடா பக்கம் இருந்த வாட்சன் ஹோட்டலில், சினிமாவைத் தொடங்கிவைத்தவர்களில் முக்கியமான பிரெஞ்சு லூமியர் சகோதரர்களின் படங்களை இந்தியாவிலேயே முதல் முறையாகப் போட்டுக் காட்டினார்கள். என்ன படங்கள்? ரயில் வந்து நிற்பது, ஆலை விட்டுத் தொழிலாளர்கள் வெளியே வருவது, ஒரு சுவரை இடித்துத் தள்ளுவது, கடலில் குளிப்பது. ஒவ்வொன்றும் சுமார் 50 வினாடி, ஒரே ஷாட், அதாவது நடுவில் வெட்டாமல் ஒரே மூச்சில் எடுத்தது. கேமராவில் 17 மீட்டர் பிலிம்தான் ஏறும், அது தீர்ந்தால் படம் முடிந்தது. இந்த ஊருக்கு சினிமா வந்து இறங்கியதே தினசரி வாழ்க்கையோடுதான், கதையெல்லாம் அப்புறம் வந்தது.

ரீல்ஸும் அதே நீளம்தானே என்பீர்கள். நீளத்தை விடுங்கள், வெட்டு எதனால் விழுகிறது என்று பாருங்கள். ரீல்ஸில் பாட்டின் தாளம் வெட்டுகிறது, பார்க்கிறவர் விரலால் தள்ளிவிடுவாரோ என்ற பயம் வெட்டுகிறது. எனக்கு வேலையே வெட்டுகிற படம் வேண்டும். மாவு ஊற்றி மூடி போட்டதிலிருந்து மூடி திறக்கும் வரை ஒரு ஷாட் என்று வைத்துக்கொண்டால் அந்த நீளம் என் கையில் இல்லை, அடுப்பின் கையில் இருக்கிறது. விதியைப் படமெடுக்கிறவன் வீட்டிலிருந்து கொண்டுபோகக் கூடாது, படமெடுக்கும் இடத்திலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டும். இதற்குத்தான் பரிசோதனை என்கிறேன். கேமராவைத் தலைகீழாகப் பிடிப்பதற்கெல்லாம் அந்தப் பெயரைக் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை.

ஜூன் 1, இரவு

"லூமியர் படம் என்றால் கலப்பில்லாத உண்மை, யாரும் நடிக்கவில்லை" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அது சரியில்லை. ஆலை விட்டு வெளியே வரும் படத்துக்கு மூன்று வடிவங்கள் இருக்கின்றன. ஒன்றில் ஒற்றைக் குதிரை வண்டி வருகிறது, இன்னொன்றில் இரட்டைக் குதிரை, மூன்றாவதில் குதிரையே இல்லை. மறுபடி மறுபடி எடுத்திருக்கிறார்கள். அந்த ஆலை லூமியர் குடும்பத்துடையது என்பதை மறந்துவிட வேண்டாம், முதலாளியே கேமரா வைத்தால் தொழிலாளி எப்படி நடந்து போவார் என்பதும் அந்தப் படத்தில் பதிவாகியிருக்கிறது. என்னைப் பொறுத்தவரை அந்த 50 வினாடியில் ரொம்பவும் உண்மையான விஷயம் அதுதான்.

ஜூன் 4

இட்லி வீட்டைப் பற்றி எழுதச் சொல்லி நாலைந்து பேர் கேட்டுவிட்டார்கள், எழுதுகிறேன்.

90 அடி ரோட்டிலிருந்து உள்ளே என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன், ஏன் என்று தனியாகச் சொல்ல வேண்டும். கீழே ஓர் அறை, ஏணி வைத்து ஏறினால் மேலே ஓர் அறை. கீழறையில்தான் விடியற்காலை தொழில், பகலில் அதுவே வீடு. நடத்துகிறவர் எனக்கு அத்தை முறை, ரத்த சொந்தம் இல்லை, அம்மாவுக்குப் பழக்கம், சின்ன வயதிலிருந்து அத்தை என்றே கூப்பிட்டுப் பழகிவிட்டது. திருநெல்வேலிப் பக்கம். தாராவித் தமிழர்களில் நிறையப் பேருக்கு அந்தச் சீமைதான் சொந்த ஊர். மூன்று மணிக்கு முன்பே அடுப்பு பற்றிவிடும். வெளிச்சம் வரும்போது சைக்கிள்காரர்கள் வந்து அலுமினியப் பாத்திரத்தில் அடுக்கிக்கொண்டு சயான், மாஹிம், தாதர் என்று பிரிந்து போய்விடுவார்கள். ரப்பர் ஹாரனைப் பாம் பாம் என்று அமுக்கிக்கொண்டு உங்கள் கட்டடத்துக்குக் கீழே வந்து நிற்கிறாரே, அவர் பாத்திரத்தில் இருக்கும் இட்லி இப்படிப்பட்ட ஒரு வீட்டில் வெந்ததுதான்.

அத்தை துணியை நனைத்து, நன்றாகப் பிழிந்து, தட்டின் மேல் உதறி விரிப்பார். குழி தெரியும்படி நடுவிரலால் ஒவ்வொன்றாக அமுக்கிக்கொண்டே போவார். மாவை அள்ளினதும் கரண்டியின் அடியைப் பானை விளிம்பில் ஒரு இழுப்பு இழுத்துவிட்டுத்தான் கொண்டுவருவார், வழியில் ஒரு சொட்டுச் சிந்தாது. மூடி போட்ட பிறகு கொஞ்ச நேரம் எதுவுமே நடக்காது. அப்புறம் மூடியின் ஓரத்தில், நசுங்கின இடத்தில் மட்டும், ஆவி நூல் மாதிரி கிளம்பும். பிறகு சுற்றிலும் வரும். உள்ளே கொதிக்கிற சத்தமும் மாறும், முதலில் தண்ணீர் மட்டும் களகளவென்று கேட்கும், அப்புறம் தட்டு லேசாக நடுங்கிக் கொப்பரையில் தட்டுகிற சத்தம் சேர்ந்துகொள்ளும். அத்தை கடிகாரம் பார்ப்பதே இல்லை. அந்தச் சத்தத்தையும் ஆவியின் வாசத்தையும் வைத்து மூடியைத் திறக்கிறார், ஒரு தடவைகூட மூடியைத் திறந்து பார்த்துவிட்டு மறுபடி மூடி நான் பார்க்கவில்லை.

வாசம் படத்தில் வராது, சத்தம் வரும். அதனால் படத்தில் மூன்று ஈடு இட்லி வைத்திருக்கிறேன், மூன்றும் முழுசாக, நடுவில் வெட்டாமல். முதல் ஈட்டில் பார்க்கிறவருக்கு ஒன்றும் புரியாது, எப்போது முடியும் என்றிருக்கும். இரண்டாவதில் தட்டின் நடுக்கம் காதில் விழ ஆரம்பிக்கும். மூன்றாவதில் அத்தையின் கை நகர்வதற்கு முன்பே, இப்போது திறப்பார் என்று பார்க்கிறவருக்கே தெரிய வேண்டும். ஒரு மனுஷி இத்தனை வருஷமாகக் காதில் சேர்த்து வைத்திருக்கும் அறிவில் ஒரு துளியாவது முன்பின் தெரியாத ஒருவர் காதுக்குப் போய்ச் சேர வேண்டும், பேட்டி எடுத்து "எப்படி அத்தை கண்டுபிடிக்கிறீங்க" என்று கேட்டிருந்தால் அது வந்திருக்காது. கேட்டும் பார்த்தேன். "அது தெரியும்லா" என்றார், அவ்வளவுதான்.

அவர் என்னிடம் கேட்டதையும் எழுதிவிடுகிறேன். "ஏ எய்யா, இட்லி வேகுததப் போயி எவம் காசு குடுத்துப் பாப்பான்?" காசு வாங்கப் போவதில்லை என்றேன். "அப்பம் பாப்பாவ" என்றார்.

ஜூன் 5

போனில் எடுக்கிறவர்கள் கேட்டதற்கு, பொதுவாகவே சொல்லிவிடுகிறேன். டியூப்லைட் வெளிச்சத்தில் படத்தில் கோடு கோடாக ஓடுகிறது என்றால் போன் தானாக வினாடிக்கு 30 பிரேமும் (படச்சட்டம்) 1/60 வினாடி ஷட்டரும் வைத்துக்கொண்டிருக்கும். நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ், விளக்கு ஒரு வினாடிக்கு 100 தடவை துடிக்கிறது. கையால் மாற்றுகிற ஆப்பில் 25 பிரேம், 1/50 ஷட்டர் என்று வைத்தால் கோடு போய்விடும். மலிவான எல்இடி சிலவற்றில் இதற்கும் அடங்காது, அங்கே பல்பை மாற்றுவது ஒன்றுதான் வழி.

ஆவி லென்ஸில் படிவது: குளிர்ந்த லென்ஸை நேராக வெக்கைக்குள் கொண்டுபோனால் படியத்தான் செய்யும். சீக்கிரம் போய், கேமராவை அந்த அறையிலேயே ஒரு ஓரத்தில் வைத்துவிட்டு டீ குடியுங்கள், அதுவும் அறையின் சூட்டுக்கு வந்துவிடும். சத்தம்: போனின் மைக் அமைதியான நேரத்தில் தானாக ஒலியைக் கூட்டும், பாத்திரம் விழுந்தால் குறைத்துவிடும், தட்டு நடுங்குவதெல்லாம் அதில் காணாமல் போகும். தனி ரெக்கார்டர், கையால் அளவு வைத்து, உச்சம் மைனஸ் 12 டெசிபல் பக்கம் நிற்கும்படி. வேலை ஓய்ந்த பிறகு அறையின் வெறும் சத்தத்தையும் ஒரு நிமிடம் பதிந்துகொள்ளுங்கள், எடிட்டிங்கில் அதன் அருமை தெரியும்.

ஜூன் 9

இடத்தை ஏன் சொல்லவில்லை என்பது.

இந்தப் படத்தில் வாசல் கிடையாது, சந்து கிடையாது, அத்தையின் முழு முகமும் கிடையாது. கை, அடுப்பு, கொப்பரை, காது, புறங்கழுத்து, இவ்வளவுதான். படத்தின் முதல் வடிவத்தைப் பார்த்த ஒருவர் "அருமையான அழகியல் முடிவு" என்று எழுதினார். அது பயத்தில் பிறந்த முடிவு. அந்த அறையில் எத்தனை சிலிண்டர், எந்த நிறம், மேலறையில் எத்தனை பேர் படுத்திருக்கிறார்கள், கதவில் என்ன எண் எழுதியிருக்கிறது, இவையெல்லாம் படத்தில் பதிந்தால் நாளைக்கு ஓர் அதிகாரி அதை வைத்துக் கேள்வி கேட்கலாம். தாராவியில் மறுசீரமைப்புக் கணக்கெடுப்பு நடந்திருக்கும் காலம் இது. 2000 ஜனவரி 1-க்கு முன்பே இருந்த குடித்தனமா, தரைத்தளமா மேலறையா என்பதை வைத்து ஒரு குடும்பத்துக்கு அதே இடத்தில் வீடு கிடைக்குமா என்பதே மாறிவிடுகிறது. இந்த நேரத்தில் அழகாக இருக்கிறது என்று ஏணியைக் காட்டி, மேலே தூங்குகிற ஆட்களைக் காட்டினால், எனக்குக் கைதட்டல் கிடைக்கும், அவர்களுக்கு வீடு போகும்.

அதனால் ஒவ்வொரு ஷாட்டையும் அத்தையின் மகனிடம் கேமராவின் சின்னத் திரையில் காட்டி, இது போகலாமா என்று கேட்டுத்தான் வைத்தேன். அவர் வேண்டாம் என்றதை வெட்டி வெட்டி மிச்சம் இருந்ததுதான் இந்தப் படத்தின் சட்டகம். வேலையின் நீளம் ஷாட்டை முடிவு செய்கிறது என்று முதலில் எழுதினேன் அல்லவா, அதோடு இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள், அவர்களுடைய பயம் சட்டகத்தை முடிவு செய்கிறது. இரண்டும் அந்த அறையிலிருந்து வந்தவை.

எழுத்தில் அனுமதி வாங்கிவிட்டால் போதும் என்று நினைக்கிறவர்களுக்கு: கையெழுத்து உங்களைக் காப்பாற்றும், அவர்களைக் காப்பாற்றாது.

ஜூன் 10

"நம் நாட்டில் இந்த மாதிரி மரபே கிடையாது, பிலிம்ஸ் டிவிஷன் எடுத்ததெல்லாம் அரசாங்க விளம்பரம்" என்று எழுதியவருக்கு. பாதி உண்மை. பிலிம்ஸ் டிவிஷன் என்பது மத்திய அரசின் ஆவணப்பட நிறுவனம். 1948-ல் ஆரம்பித்து, பெடர் ரோட்டில் உட்கார்ந்துகொண்டு, அணைக்கட்டுத் திறப்பு விழாவையும் குடும்பக் கட்டுப்பாட்டையும் நாடு முழுக்கத் தியேட்டர்களில் கட்டாயமாக ஓட்டினார்கள். "நியூஸ் ரீல் முடிஞ்சு படம் போட்டாச்சா" என்று கேட்டுக்கொண்டே உள்ளே ஓடின தலைமுறைதான் நம் அப்பாக்கள்.

ஆனால் அதே ஆபீசுக்குள்ளேதான் எஸ்.என்.எஸ். சாஸ்திரி 1967-ல் 'ஐ ஆம் 20' எடுத்தார். சுதந்திரத்தோடு பிறந்த 20 வயதுக்காரர்களைப் பேசவிட்டார், அரசாங்கத்துக்கு இனிக்காத பதில்களும் அதில் இருக்கின்றன. பிரமோத் பதி 1968-ல் எடுத்த 'எக்ஸ்புளோரர்' ஏழு நிமிடத்துக்குள், வர்ணனைக் குரலே இல்லாமல் பிம்பத்தையும் சத்தத்தையும் மோதவிட்டுப் பார்க்கும், இன்றைய ரீல்ஸ் வேகமெல்லாம் அதன் பக்கத்தில் நிற்காது. மணி கவுல் 1980-ல் எடுத்த 'அரைவல்' இந்த மும்பையைத்தான் பார்க்கிறது, சந்தைக்கு வரும் சரக்கையும் கூலிக்கு வரும் ஆளையும் ஒரே கண்ணால். 2022-ல் பிலிம்ஸ் டிவிஷனைத் தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு சேர்த்துவிட்டார்கள். அந்த வளாகத்தில் இப்போது சினிமா அருங்காட்சியகம் இருக்கிறது, ஒரு நாள் போய் வாருங்கள்.

தமிழில் கேட்டால் நான் முதலில் சொல்வது அமுதன் ஆர்.பி. 2003-ல் எடுத்த 'பீ'. மதுரையில் ஒரு சந்தில் மலம் அள்ளுகிற அம்மா, அவர் வேலை, கேமரா கூடவே போகிறது. பார்க்கிறவருக்குக் குமட்டும், எழுந்து போகத் தோன்றும், படம் விடாது. அந்த வேலை எவ்வளவு நேரம் எடுக்கும் என்பதை நாமும் அங்கே நின்று அனுபவித்தாக வேண்டும். அதில் ஒரு நிமிடத்தைக் குறைத்திருந்தால் அது வெறும் செய்தித் துணுக்காகியிருக்கும். நீளம் என்பது ஏன் ஒழுக்கம் சம்பந்தப்பட்ட விஷயம் என்று எனக்குப் புரிய வைத்த படம்.

ஜூன் 15

மழை பிடித்துவிட்டது. தகரக் கூரையில் மழை விழுந்தால் தட்டின் நடுக்கமாவது ஒன்றாவது, எதுவும் கேட்காது. அத்தைக்கும் கேட்காது என்பதை இந்த வாரம்தான் கவனித்தேன். மழை நாட்களில் அவர் கொப்பரையின் காதில் துணியைச் சுற்றி உள்ளங்கையை வைத்துக்கொள்கிறார், நடுக்கத்தைக் கையால் கேட்கிறார்! இதை விடவே முடியாது. மூன்றாவது ஈடு மழை நாள் ஈடாக இருக்க வேண்டும் என்று இப்போது தோன்றுகிறது. காது வழியாகக் கற்றுக்கொண்டவரிடமிருந்து அந்தச் சத்தத்தை மழை பிடுங்கிக்கொள்ளும், பார்க்கிறவர் அத்தையின் கையைப் பார்த்து யூகிக்க வேண்டியிருக்கும்.

அப்படியானால் வேறு வேறு நாட்களை ஒரே விடியற்காலை மாதிரி ஒட்டலாமா? இரண்டு நாளாக இதையே யோசித்துக்கொண்டிருக்கிறேன். டச்சு இயக்குநர் ஜோரிஸ் ஐவன்ஸ் 1929-ல் ஆம்ஸ்டர்டாமில் எடுத்த 'மழை' சுமார் 12 நிமிடப் படம் (கேள்வி கேட்டவர் கவனிக்க, ஏறக்குறைய ஒரு நூற்றாண்டாக ஆட்கள் பார்க்கிறார்கள்). தூறல் ஆரம்பித்து, பெய்து, விடுகிற வரை ஒரே மழை என்றுதான் தோன்றும், ஆனால் பல நாள் மழையைச் சேர்த்துச் செய்தது. அதே 1929-ல் சோவியத் இயக்குநர் வெர்த்தோவ் 'கேமராவோடு ஒரு மனிதன்' படத்தில் காட்டுகிற ஒரு நகரத்தின் ஒரு நாள், உண்மையில் மாஸ்கோ, கீவ், கார்கிவ், ஒடேசா என்று பல ஊர்.

நான் வந்து நிற்கும் இடம்: ஒரு ஈட்டுக்குள் வெட்டு கூடாது, ஈட்டுக்கும் ஈட்டுக்கும் நடுவில் நாள் மாறலாம். ஆனால் மாறினது தெரிய வேண்டும். நடுவில் இரண்டு வினாடி கறுப்புத் திரை.

ஜூன் 16

டப்பாவாலாக்களை எடுங்கள், ஊர்த் துணியெல்லாம் துவைக்கிற மகாலட்சுமி தோபிகாட்டை எடுங்கள் என்று யோசனை சொன்னவர்களுக்கு: அங்கே தினமும் கேமரா போகிறது, அவர்களுக்குக் கேமராவுக்கு முன்னால் எப்படி நிற்பது என்று தெரிந்துவிட்டது. உங்கள் மாடிப்படியை எடுங்கள். குப்பை வாங்க வருகிறவர் எந்த வீட்டுக் கதவை எப்படித் தட்டுகிறார் என்று ஒரு மாதம் கவனியுங்கள்.

ஜூன் 23

பேச்சே வேண்டாம் என்று வைத்திருந்த விதியைத் தளர்த்தப் போகிறேன்.

வேலை நடக்கும்போது அத்தை சும்மா இருக்கிற ஆள் இல்லை. மாவு புளித்ததைத் திட்டுவார், மகனை எழுப்புவார், ஊரில் தங்கச்சிக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்துவிட்டு மாவு ஊற்றுவார். அந்தத் தங்கச்சியும் அந்நேரம் எழுந்து பீடி சுற்ற உட்கார்ந்திருப்பார். இங்கே கரண்டி உரசுகிற சத்தம், அங்கே கத்தரிச் சத்தம், நடுவில் யார் வீட்டில் யாருக்குக் கல்யாணம் என்ற பேச்சு. இதையெல்லாம் துடைத்துவிட்டு வெறும் அடுப்புச் சத்தத்தை வைத்தால், அத்தையை ஊமையாக்கி வேலை செய்கிற கையாக மட்டும் காட்டினதாகிவிடும். கேமராவைப் பார்த்துப் பேசுகிற பேட்டி வேண்டாம் என்பதில் நான் இன்னும் உறுதி. வேலையோடு வருகிற பேச்சு வேலையின் சத்தம்தான். பேர், ஊர் வருகிற இடங்களை மட்டும் எடுத்துவிடலாம், மிச்சத்தை அப்படியே விட வேண்டும். இரண்டாவது ஈட்டில் இந்தப் போன் பேச்சு வருகிறது. தட்டு நடுங்குகிற சத்தம் பேச்சுக்கு அடியில் போய்விடுகிறதே என்று கவலைப்பட்டேன், ஆனால் அத்தை பேசிக்கொண்டே, வாக்கியத்தைக்கூட நிறுத்தாமல், சரியான நேரத்தில் மூடியைத் திறக்கிறார்.

ஜூலை 6

சங்கத்துக் கட்டடத்தில் வெள்ளை வேட்டியைக் கட்டிப் படம் போட்டோம். அத்தை வீட்டார், சைக்கிள்காரர்கள், இன்னும் இரண்டு இட்லி வீட்டுக்காரர்கள், பிள்ளைகள்.

முதல் ஈட்டில் பிள்ளைகள் ஓடி விளையாடின. சைக்கிள்காரர் ஒருவர் எழுந்து போய் டீ சொல்லிவிட்டு வந்தார். இன்னொரு இட்லி வீட்டு அக்கா, "மாவு ரொம்பத் தண்ணியா இருக்கே மதினி" என்று சத்தமாகவே சொல்ல, அத்தை "அன்னைக்கு உளுந்து சரியில்ல" என்று பதில் சொல்ல, அங்கேயே ஒரு வாக்குவாதம். இரண்டாவது ஈட்டில் பேச்சு அடங்கியது. மூன்றாவதில், மழைச் சத்தத்துக்கு நடுவில், அத்தையின் உள்ளங்கை கொப்பரைக் காதில் இருக்கும்போது, பின்னாலிருந்து ஒரு சின்னப் பையன் "இப்ப!" என்று கத்தினான். கொஞ்சம் முந்திவிட்டான். அந்த அக்கா திரும்பி, "இன்னும் இல்லல" என்றார். அதற்கப்புறம் அவர் தலையசைத்த அதே நேரம் திரையில் மூடி திறந்தது. படமெடுக்க ஆரம்பித்ததிலிருந்து நான் காத்திருந்தது இதற்குத்தான், அதை வெளியாள் ஒருவரிடம் எதிர்பார்த்திருந்தேன், தொழில் தெரிந்தவர்கள் திரையைப் பார்த்துத் தங்களுக்குள் சரிபார்த்துக்கொள்வார்கள் என்று நினைத்தே பார்க்கவில்லை. வெளியாட்களுக்குப் போடும்போது என்ன ஆகிறது என்று எழுதுகிறேன்.

சைக்கிள்காரர்களுக்குத்தான் மனக்குறை, இட்லி வெந்ததோடு படம் முடிந்துவிட்டதாம், விற்கிறது யார் என்று கேட்டார்கள். நியாயம். அடுத்த படம் அவர்களோடுதான், அதற்கான விதியும் அவர்கள் வேலையிலேயே இருக்கிறது: ஹாரன் அடித்தால் ஷாட் ஆரம்பம், மீதிச் சில்லறை கொடுத்தால் ஷாட் முடிவு. ஜிபே வந்த பிறகு சில்லறை எங்கே கொடுக்கிறோம் என்று ஒருவர் கேட்டுவிட்டார், அந்த ஸ்பீக்கர் பெட்டி பணம் வந்ததைச் சொல்கிற குரலில் முடிக்கலாம் என்று இப்போதைக்குப் பேசி வைத்திருக்கிறோம்.